மூணாவது பொண்ணுக்கு வெச்ச பேர்

பேரைப் பற்றி எழுத உட்கார்ந்துவிட்டு ஒருவர் பேரையும் சொல்லாமல் எழுதப் போகிறேன். எங்கள் பக்கத்துப் பெண்களுக்கு இது ஒரு கஷ்டமே இல்லை. கட்டினவர் பேர், மாமனார் பேர், மூத்தார் பேர் எதையும் வாயில் எடுக்காமல் ஒரு ஆயுசையே ஓட்டிவிடுகிறவர்கள் நாங்கள். ஒரு கட்டுரையை ஓட்ட முடியாதா?

என் பேரை எழுதாவிட்டாலும் அதன் அர்த்தத்தைச் சொல்லிவிடுகிறேன். 'போதும்' என்பதுதான் அர்த்தம். பொண்ணு போதும், அடுத்தது பையனாகக் கொடு என்று சாமிக்குத் தகவல் சொல்வதற்காக வைக்கிற பேர். எனக்கு மேலே இரண்டு அக்காக்கள். மூணாவதாக நான் வந்து விழுந்தேன். அப்பா அப்போது மல்லசமுத்திரத்தில் சொந்தமாக ஒரு லாரி வைத்து ஓட்டிக்கொண்டிருந்தார். லோடு இறக்கிவிட்டு வந்தவரிடம் விஷயத்தைச் சொன்னார்களாம். கை கால் கழுவினார், சாப்பிட்டார், துண்டில் கையைத் துடைத்துக்கொண்டே பேரைச் சொல்லிவிட்டார். ஜோசியரைப் பார்க்கவில்லை, நட்சத்திரம் கேட்கவில்லை. எங்கள் வீட்டில் வேறு எந்தக் காரியமும் அவ்வளவு வேகமாக நடந்ததில்லை.

பள்ளிக்கூடத்தில் டீச்சர் என் பேரைக் கூப்பிட்டால் வகுப்பே சிரிக்கும். கொஞ்ச நாள் அழுதுகொண்டு வந்தேன். பிறகு ஒரு நாள், எல்லாரையும்விடச் சத்தமாகச் சிரித்தவளின் ரெட்டை ஜடையைப் பிடித்து பெஞ்சுக் காலில் கட்டிவிட்டேன். அதற்கப்புறம் யாரும் சிரிக்கவில்லை. பேரில் கோளாறு இருந்தால் கையில் தெம்பு வேண்டும் என்பது எனக்கு அந்த வயதிலேயே பிடிபட்டுவிட்டது.

ஆனால் ஒன்று, அந்தப் பேர் பலித்துவிட்டது. எனக்கு அடுத்துப் பிறந்தவன் பையன். செய்தி தெரிந்ததும் ஊரே வந்து சர்க்கரையை முதலில் என் வாயில்தான் போட்டது. ஒரே நாளில் நான் ராசிக்காரி ஆகிவிட்டேன். ஊரில் மாசமாக இருக்கிறவர்கள் என்னைக் கூப்பிட்டு வயிற்றைத் தொட்டுவிட்டுப் போகச் சொல்வார்கள். அதற்குக் கமர்கட் கிடைக்கும். நான் தொட்டதில் பாதிக்குப் பாதி பெண்ணாகத்தான் பிறந்திருக்கும், ஆனால் அதையெல்லாம் யார் கணக்கு வைத்தார்கள்? என் தம்பி ஒருவனே எனக்குப் போதுமான சாட்சியாக வளர்ந்துகொண்டிருந்தான்.

அம்மா மட்டும் என்னை அந்தப் பேர் சொல்லிக் கூப்பிட்டதே இல்லை. சாமி என்பாள். எங்கள் பக்கம் பெரியவர்களும் சாமிதான், பிள்ளைகளும் சாமிதான், அதனால் யாருக்கும் அது வித்தியாசமாகப் படவில்லை. எனக்குக் கல்யாணமாகி, ஒரு பெண்ணைப் பெற்று, தாய்வீட்டில் படுத்துக் கிடந்தபோதுதான் அவளிடம் காரணத்தைக் கேட்டேன்.

"உங்கப்பா வந்து உனக்கு அந்தப் பேரச் சொன்னதும் நான் சுவத்துப் பக்கம் திரும்பிப் படுத்துக்கிட்டேன் சாமி" என்றாள். "உன்ற மேல கோவமில்ல. இன்னொன்னு பெத்தே ஆகோணும்னுதான அந்தப் பேருக்கு அர்த்தம்? எனக்கு அப்ப எந்திரிச்சு உக்காரக்கூடத் தெம்பில்ல."

அதுவரை அந்தப் பேர் எனக்கு வைத்தது என்றுதான் நினைத்துக்கொண்டிருந்தேன். அது அம்மாவுக்குப் போட்ட உத்தரவு என்பது அன்றைக்குத்தான் தெரிந்தது. அம்மா போய்ச் சேர்ந்து சில வருஷங்கள் ஆகின்றன. இந்தப் பேச்சை நான் யாரிடமும் சொல்லாமல் வைத்திருந்தேன்.

என்னைக் கட்டினவருக்கு எருமப்பட்டிப் பக்கம். கல்யாணமான புதிதில் அவர் நேஷனல் பர்மிட் லாரியில் டிரைவர். மற்றவர்கள் புருஷன் வடக்கே போனால் சேலை வாங்கி வரச் சொல்வார்கள், கம்பளி கேட்பார்கள். நான், போகிற இடத்தில் பேர் கேட்டுக்கொண்டு வாருங்கள் என்பேன். முதலில், எவளோ ஒரு பைத்தியத்தைக் கட்டிக்கொண்டோம் என்றுதான் நினைத்திருப்பார். பிறகு அவருக்கே அதில் ருசி தட்டிவிட்டது. வண்டியை விட்டு இறங்கி, குளித்து, சாப்பிட உட்கார்ந்ததும் ஆரம்பிப்பார்.

"ஏ புள்ள, மராட்டியில ஒரு தாபாவுல சப்பாத்தி தட்டுற பொண்ணு ஒன்னு. அது பேருக்கு வேண்டாதவளுன்னு அர்த்தமாமா."

அடுத்த நடையில் அரியானாவிலிருந்து ஒன்று கொண்டுவந்தார். அங்கே ஒரு டயர்க்கடைக்காரரின் சம்சாரம். பேருக்கு அச்சு அசலாக என் பேரின் அர்த்தமே. ராஜஸ்தானில் ஒருத்திக்கு 'வயிறு நிறைந்துவிட்டது' என்று பேராம். சாப்பிட்டு எழுந்திருக்கும்போது சொல்கிற சொல்லைப் பச்சைக் குழந்தைக்கு வைத்திருக்கிறார்கள். நான் ரசத்தை ஊற்றுவதை மறந்துவிட்டுக் கேட்டுக்கொண்டிருந்தேன். கோபம் வந்ததா, ஆறுதலாக இருந்ததா என்றால் ரெண்டும்தான். பாஷை வேறு, சாப்பாடு வேறு, கட்டுகிற துணி வேறு. மூணாவதும் பொண்ணாகப் பிறந்தால் மட்டும் எல்லா ஊர் அப்பன்களுக்கும் ஒரே புத்தி.

அவர் கொண்டுவந்ததில் எனக்கு ரொம்பப் பிடித்தது பஞ்சாப் கதை. அங்கே ஒரு டிரான்ஸ்போர்ட் ஆபீசில் இன்னாரைப் பார்த்து சரக்கை ஒப்படைக்க வேண்டும் என்று பேர் சொல்லி அனுப்பியிருந்தார்கள். இவர் தலைப்பாகை கட்டிய ஒரு சிங்கை எதிர்பார்த்து வாசலிலேயே உட்கார்ந்திருக்கிறார். உள்ளே மேஜைக்குப் பின்னால் ஒரு அம்மாள் எழுதிக்கொண்டிருக்கிறார். வெகுநேரம் கழித்து அந்த அம்மாளே வெளியே வந்து, நீ தேடுகிற ஆள் நான்தான் என்றாராம். சீக்கியர்களில் ஆணுக்கும் பெண்ணுக்கும் ஒரே பேரைத்தான் வைப்பார்களாம். பின்னால் ஒட்டிக்கொண்டு வருகிற சொல்லில்தான் ஆம்பளையா பொம்பளையா என்று தெரியுமாம்.

"பேரு ஒன்னேதான் புள்ள. சட்டையாட்டம் தச்சு வெச்சிருக்காங்க, யாரு வேணாலும் போட்டுக்கலாம்" என்றார்.

எல்லாப் பேரும் சலிப்பில் வைத்தது என்று சொல்ல மாட்டேன். பயத்தில் வைத்த பேர்களும் உண்டு. எங்கள் பக்கம் பிள்ளைகள் பிறந்து பிறந்து தவறிப்போனால், அடுத்த பிள்ளையைக் கொண்டுபோய்க் குப்பைமேட்டில் ஒரு நிமிஷம் கிடத்தி எடுப்பார்கள். அல்லது பக்கத்து வீட்டுக்காரிக்குக் கொடுத்துவிட்டு, ஒரு முறம் தவிடு கொடுத்துத் திரும்ப வாங்குவார்கள். குப்பன், குப்பாயி, தவிடன் என்று பேர் வைப்பார்கள். இது ஒன்றுக்கும் உதவாத பிள்ளை, இதை எடுத்துக்கொண்டு போய் என்ன பண்ணப் போகிறாய் என்று எமனை ஏமாற்றுகிற வேலை. இப்போது எங்கள் கோழிப் பண்ணையில் வேலை செய்கிற பீகார்க் குடும்பத்தில், தாத்தாவின் பேருக்கு 'ஆறு சோழிக்கு வாங்கினவர்' என்று அர்த்தம். நான் தவிட்டுக் கதையைச் சொன்னதும் அந்த வீட்டுப் பெண் முந்தானையால் வாயைப் பொத்திக்கொண்டு சிரித்தாள். எமன் எல்லா ஊரிலும் இப்படி ஏமாந்துகொண்டிருக்கிறானே, அவனுக்குப் பாஷை தெரியாதா என்று கேட்டேன். அவளுக்கு அது புரியவில்லை.

பண்ணை என்றேனே, இவர் லாரியை விட்டதும் நாங்கள் ஆரம்பித்தது அது. முட்டைக்கோழிகள். இத்தனை உருப்படி இருந்தும் ஒன்றுக்கும் பேர் கிடையாது, அவையும் அதற்காகக் கவலைப்பட்டதில்லை. புதுக் கூண்டு மாட்டியபோது மெஷினோடு சீனாவிலிருந்து ஆட்கள் வந்தார்கள். அவர்கள் பேச்சை இங்கிலீஷில் மாற்றிச் சொல்ல ஒரு சின்னப் பெண்ணும் வந்திருந்தாள். எனக்கு இங்கிலீஷ் அரைகுறை, காலேஜில் படிக்கிற என் மகள் நடுவில் உட்கார்ந்துகொண்டாள். டீ கொடுத்த கையோடு அந்தப் பெண்ணின் வீட்டில் உள்ளவர்கள் பேரைக் கேட்டேன். அவளுடைய பாட்டியின் பேருக்கு 'தம்பியைக் கூட்டிக்கொண்டு வா' என்று அர்த்தம் என்றாள். எனக்குச் சிரிப்பு அடக்க முடியவில்லை. அந்தப் பெண் மிரண்டுபோனாள். என் பேருக்கு என்ன அர்த்தம் என்று மகள் எடுத்துச் சொன்னதும், டீ கிளாசைக் கீழே வைத்துவிட்டு எழுந்து வந்து என் கையைப் பிடித்துக்கொண்டாள். "பாட்டிக்குத் தம்பி வந்தானான்னு கேளு" என்றேன். வந்தானாம்.

என் தம்பியும் வந்தான் அல்லவா, அவன் கதைக்கு வருகிறேன். அவன் சேலத்தில் ஃபேர்லேண்ட்ஸில் வீடு கட்டிக்கொண்டு இருக்கிறான். போர் போடுகிற ரிக் வண்டிகளுக்கு உதிரிப் பாகம் விற்கிற கடை. அப்பாவும் அவனோடுதான் இருக்கிறார். அவனுக்கு இரண்டு பெண்கள். மூத்தவளுக்கு எங்கள் அம்மா பேர். இரண்டாவதற்கு நியூமராலஜிக்காரர் ஒருவர் சொன்ன பேர். அதை உச்சரிப்பதற்குள் எனக்குப் பல் வலித்துவிடும்.

அப்பாவின் பேரை மட்டும் யாரும் தொடவில்லை. அது பையனுக்கென்று எடுத்து வைத்த பேர். தாத்தா பேரைச் சுமக்கிறவன்தான் பேரன் என்பது எங்கள் கணக்கு. அப்பாவுடையது திருச்செங்கோட்டு மலை மேல் இருக்கிற சாமியின் பேர். பாதி உடம்பு சிவன், பாதி உடம்பு பார்வதி. அலங்காரம் பண்ணும்போது ஒரு பக்கம் வேட்டியும் ஒரு பக்கம் சேலையும் கட்டியிருப்பார்கள். எங்கள் வட்டாரத்தில் தெருவுக்குத் தெரு ஒரு ஆம்பளைக்கு அந்தப் பேர் இருக்கும். அப்பாவுக்கு அதில் அவ்வளவு பெருமை. லாரியின் நெற்றியில் தன் பேரைத்தான் எழுதி வைத்திருந்தார். மழை பெய்து பெயிண்ட் மங்கினால் என்ஜின் ரிப்பேரைக்கூடத் தள்ளிப்போட்டுவிட்டு அதை முதலில் சரி பண்ணுவார்.

தம்பி மனைவி மூணாவதாக மாசமாக இருந்தாள். மூணு பிரசவமும் ஆபரேஷன்தான். குழந்தை பிறந்த அன்றைக்குத் தம்பி போன் பண்ணினான்.

"அக்கா, பொண்ணுதான்" என்றான்.

"இழுக்காம சொல்லுடா. தாயும் புள்ளையும் நல்லா இருக்காங்களா?"

"இருக்காங்க."

"பின்ன என்ன? ஆசைக்கு ஒரு பொண்ணுன்னு சொல்லுவாங்க, உனக்கு ஆசை கொஞ்சம் சாஸ்தி" என்றேன். அவன் சிரிக்கவில்லை.

கொஞ்ச நாள் கழித்து மறுபடியும் கூப்பிட்டான். இந்தத் தடவை குரலில் உற்சாகம். "அக்கா, பாப்பாளுக்கு உன்ற பேரையே வெச்சரலாம்னு இருக்கறோம். அப்பாவும் சரின்னுட்டாரு. நீதான் வந்து காதுல சொல்லோணும். மத்த அக்காளுக இருந்தாலும் ராசிக்கை உன்ற கைதான."

பொய் சொல்லக் கூடாது, ஒரு நிமிஷம் எனக்கு மனசு குளிர்ந்துவிட்டது. என் பேரைக் கேட்டுச் சிரித்து, பெஞ்சுக் காலில் ஜடை கட்டுப்பட்டவள் எல்லாம் இருக்கிற ஊரில், என் பேரை ஒரு குழந்தைக்கு வைக்கிறேன் என்று தம்பி கேட்கிறான். நேராகப் போய் இவரிடம் சொன்னேன். இவர் தீவனம் அள்ளிக்கொண்டிருந்தார். "உன்ற மேல பாசத்துல வெக்கறானா, பையன் வேணும்னு வெக்கறானா?" என்று கேட்டார். அதற்கப்புறம் எனக்குச் சோறு இறங்கவில்லை.

மறுநாள் காலையில் முதல் பஸ் பிடித்து சேலம் போனேன். தம்பி கடைக்குப் போயிருந்தான். அப்பா வாசலில் நாற்காலி போட்டுப் பேப்பர் பார்த்துக்கொண்டிருந்தார். நான் நேராக உள் அறைக்குப் போனேன். குழந்தை கட்டிலில் தூங்கிக்கொண்டிருந்தது. பக்கத்தில் தம்பி மனைவி சுவர்ப் பக்கம் திரும்பிப் படுத்திருந்தாள்.

நான் வாசற்படியிலேயே நின்றுவிட்டேன். அம்மா சொன்னது அத்தனையும் கண்ணுக்கு முன்னால் கிடந்தது.

"ஏ கண்ணு" என்றேன். திரும்பினாள். முகம் வீங்கியிருந்தது.

"வாங்க நங்கை" என்றாள். எங்கள் பக்கம் புருஷனுடைய அக்காளை அப்படித்தான் கூப்பிடுவார்கள். எழுந்து உட்காரப் பார்த்தாள், நான் தோளைப் பிடித்து அமர்த்தினேன்.

"எம் பேரு புள்ளைக்கு வேண்டாமா?"

"ஐயோ, உங்க பேரு மேல எனக்கு என்னங்க" என்று ஆரம்பித்தவள் நிறுத்திவிட்டாள். குழந்தையைப் பார்த்துக்கொண்டு, "அந்தப் பேரு வெச்சா இன்னொன்னு பெக்கோணும்னுதானுங்க அர்த்தம். இனி வயித்தக் கிழிச்சா உசுருக்கு ஆகாதுன்னு டாக்டரம்மா உங்க தம்பிகிட்டயே சொல்லிட்டாங்க. அவிக கேக்க மாட்டேங்கறாங்க. உங்க பேரு பலிக்குமுன்னு சொல்றாங்க. எனக்குப் பயமா இருக்குதுங்க நங்கை. மூணு புள்ளைகள உட்டுப்போட்டுப் போயிருவனோன்னு இருக்குது" என்றாள்.

எனக்கு உடம்பெல்லாம் எரிந்தது. அவள் தலையைத் தடவிக்கொடுத்துவிட்டு வாசலுக்குப் போய் அப்பாவின் முன்னால் நின்றேன். பேப்பரை மடித்தார்.

"ஏனுங்கப்பா, டாக்டரம்மா சொன்னது உங்களுக்குத் தெரியுமுங்களா?"

"டாக்டருக அப்படித்தான் சாமி சொல்லுவாங்க. உன்ற அம்மாளுக்கும் தெம்பில்லன்னாங்க. அவ பெக்கலையா?"

"பெத்தாங்க. நீங்க எனக்கு அந்தப் பேரச் சொன்னப்ப சுவத்துப் பக்கம் திரும்பிப் படுத்துக்கிட்டாங்களாம். உங்களுக்குத் தெரியுமுங்களா?"

அப்பா என்னைப் பார்த்தார். "அவ எங்கிட்டச் சொன்னதில்லையே" என்றார்.

"நீங்க கேட்டதில்லைங்க."

அவர் பேப்பரின் மடிப்பை நீவினார். பிறகு, "பேர் சொல்ல ஒரு பையன் வேண்டாமா சாமி? என்ற பேரு என்னோடயே போயிரட்டுங்கறயா?" என்றார். கோபமாகச் சொல்லியிருந்தால் நான் பதிலுக்குப் பதில் பேசியிருப்பேன். அவர் கெஞ்சுகிற மாதிரி கேட்டார். அந்தக் குரலை அவரிடம் நான் அதுவரை கேட்டதில்லை.

மத்தியானம் சாப்பிட வந்த தம்பியை மாடிக்குக் கூட்டிக்கொண்டு போய், என் வீட்டுக்காரர் கேட்ட கேள்வியையே கேட்டேன். "பாசமாடா, பையனா?"

"ரெண்டுந்தான் அக்கா. அந்தப் பேரு இல்லீனா நானே இல்ல" என்றான். கண் கலங்கியிருந்தது. அடிக்கவும் மனசு வரவில்லை, அணைக்கவும் மனசு வரவில்லை. "அப்பாவுக்கு வயசாயிருச்சு. அவரு பேர வெக்க ஒரு பையனக் காட்டீட்டா நான் பட்ட கடன் தீந்துரும். நீ வாயால சொன்னாத்தான் பலிக்கும்."

"உன்ற கடனுக்கு அவ உசுரு ஜாமீனா?" என்று கேட்டேன். தலையைக் குனிந்துகொண்டானே தவிர, வேண்டாம் என்று சொல்லவில்லை. அடுத்த வெள்ளிக்கிழமை பேர் வைக்கிற சீர், உறவுக்கெல்லாம் சொல்லியாகிவிட்டது.

திரும்பி வரும்போது பஸ்ஸில் ஜன்னலோரம் உட்கார்ந்து யோசித்துக்கொண்டே வந்தேன். நான் வர மாட்டேன் என்று அடம் பிடிக்கலாம். பிடித்தால் பெரியக்காளைக் கூப்பிட்டு என் பேரைச் சொல்ல வைத்துவிடுவார்கள். வேறு ஏதாவது நல்ல பேரைச் சொல்லிவிடலாம். சொன்னால் அப்பாவின் பேர் அப்படியே காத்துக்கொண்டு நிற்கும், அதற்கு ஒரு பையன் வேண்டும் என்ற பேச்சும் கூடவே நிற்கும். ராசிபுரம் தாண்டி, முன்னால் போன ஒரு லாரியை எங்கள் பஸ் முந்தியது. கண்ணாடிக்கு மேலே, நெற்றியில், அப்பாவின் பேர். யாருடைய வண்டியோ. எங்கள் வட்டாரத்தில் இது அதிசயமில்லை, ஆனால் நான் கழுத்தைத் திருப்பி அது மறைகிற வரைக்கும் பார்த்தேன்.

வீட்டுக்கு வந்ததும் இவரிடம், "ஏனுங்க, அந்தப் பஞ்சாப் கதைய இன்னொருக்காச் சொல்லுங்க" என்றேன்.

"எத்தன தடவ புள்ள கேப்ப?" என்றார். சொன்னார்.

அத்தைக்கு மீசை முளைத்தால் சித்தப்பா என்று கேலி பேசுவார்கள். மீசை இல்லாமலே அத்தைக்கு ஒரு அதிகாரம் உண்டு. பிள்ளையை மடியில் போட்டு, காதோடு வாய் வைத்து, மூணு தடவை அத்தை என்ன சொல்கிறாளோ அதுதான் பேர். பெற்ற அப்பனே நினைத்தாலும் திரும்ப வாங்க முடியாது. எங்கள் வழக்கத்தில் ஆம்பளைகள் எதையெதையோ தங்கள் கையில் வைத்துக்கொண்டார்கள். இதை மட்டும் எப்படியோ எங்களிடம் விட்டுவிட்டார்கள்.

வெள்ளிக்கிழமை தம்பி வீட்டில் கூட்டம். நான் சீர்த்தட்டோடு போய் இறங்கினேன். வெள்ளிக் கொலுசு, சேலை, பழம், குழந்தைக்குச் சட்டைகள். தட்டை நடுக்கூடத்தில் வைத்துவிட்டு முதலில் தம்பி மனைவியிடம் போனேன். பெற்றவளைக் கேட்காமல் பேர் வைக்கிற வேலையை எங்கள் வீட்டு ஆம்பளைகள் போதுமான அளவு செய்துவிட்டார்கள், நானும் செய்ய வேண்டாம். அவள் காதில் விஷயத்தைச் சொன்னேன். கண்ணை அகல விரித்தாள். "ஒத்துக்குவாங்களா நங்கை?" என்றாள். "காதுல சொல்றது நானு" என்றேன். அவள் முதல் தடவையாகச் சிரித்தாள்.

நடுக்கூடத்தில் ஜமுக்காளத்தில் உட்கார்ந்தேன். குழந்தையைப் புதுத்துணியில் சுற்றி என் மடியில் வைத்தார்கள். எதிரே நாற்காலியில் அப்பா. பக்கத்தில் தம்பி. சுற்றிலும் உறவு. சர்க்கரைத் தண்ணீரில் விரலை நனைத்து அதன் நாக்கில் வைத்தேன், சப்புக் கொட்டியது. வலது காதில் வாயை வைத்து மூணு தடவை சொன்னேன். மூணு தடவையும் நிறுத்தி, தெளிவாக, அதற்கு மட்டும் கேட்கிற மாதிரி. நிமிர்ந்தேன்.

"எல்லாருக்கும் கேக்கறாப்பல சொல்லு அக்கா" என்றான் தம்பி. அவன் முகத்தில் சிரிப்பு தயாராக இருந்தது.

"அப்பா பேரு" என்றேன்.

"எந்த அப்பா?" என்றான் தம்பி.

"எத்தன அப்பாடா நமக்கு? இங்க உக்காந்திருக்காரே, அவரு பேரு. அப்படியே முழுசா."

எங்கள் சித்தப்பா ஒருவர் தொண்டையைச் செருமினார். "அதென்ன சாமி, ஆம்பளப் பேரப் போயி பொட்டப்புள்ளைக்கு வெக்கறது?"

"மலை மேல நிக்கற சாமிக்குப் பாதி ஒடம்புல சேலைதானுங்க கட்டியிருக்குது. நாம இத்தன தலைமொறையா வேட்டிப் பக்கத்துக்கு மட்டும் பேர் வெச்சுட்டு வந்தோம். சேலைப் பக்கத்துக்கும் பங்கு உண்டல்லங்க" என்றேன்.

சித்தப்பா துண்டை உதறித் தோளில் போட்டுக்கொண்டார். சாமி விஷயத்தில் யார் எதிர்த்துப் பேசுவார்கள்?

தம்பிதான் தவித்துப்போனான். "அக்கா, அப்ப எனக்குப் பையன் பொறந்தா என்ன பேரு வெப்பேன்?"

"பொறக்க மாட்டான். டாக்டரம்மா சொன்னதக் கேட்டுட்டு, உன்ற பொண்டாட்டிய உசுரோட வெச்சுக்குவ. அப்பா பேரு நிக்கோணும்னுதான இன்னொன்னு வேணும்ன? பேரு வெச்சாச்சு. இனி எதுக்கு?" சொல்லும்போது என் குரல் உயர்ந்துவிட்டது. உள் அறை வாசலில் தம்பி மனைவி நிலையைப் பிடித்துக்கொண்டு நின்றாள். அவளைப் பார்க்காமல் நான் அப்பாவையே பார்த்தேன். எழுந்து போய்விடுவாரோ என்று ஒரு பயம் இருந்தது, இல்லை என்று சொல்ல மாட்டேன்.

அப்பா எழுந்தார். என் பக்கத்தில் வந்து, முழங்காலைப் பிடித்துக்கொண்டு மெதுவாக ஜமுக்காளத்தில் உட்கார்ந்து, கையை நீட்டினார். குழந்தையைக் கொடுத்தேன். அதன் முகத்தைப் பார்த்தபடி இருந்தார். பிறகு கூப்பிட்டுப் பார்த்தார். தன் பேரைச் சொல்லி யாரையும் கூப்பிட்டுப் பழக்கமில்லை, முதல் தடவை சரியாக வரவில்லை. செருமிக்கொண்டு இன்னொரு தடவை கூப்பிட்டார். குழந்தை கொட்டாவி விட்டது.

"உன்ற அம்மா அன்னிக்குத் திரும்பிப் படுத்தான்னு சொன்னயே" என்றார் என்னிடம், மெதுவாக. "ஒரு வாரமா அதேதான் சாமி கண்ணுல நிக்குது." பிறகு தம்பியைப் பார்த்து, எல்லாருக்கும் கேட்கும்படி சொன்னார். "பேரு வந்துருச்சுடா. இனி அந்தப் பேச்சு இந்த ஊட்டுல வேண்டாம். டாக்டரம்மா சொல்றபடி நட."

தம்பி தலையை ஆட்டினான். சமையல்காரர் இலை போடலாமா என்று எட்டிப் பார்த்தார். கூட்டம் மறுபடியும் பேச ஆரம்பித்தது.

தம்பி மனைவி வந்து என் அருகில் உட்கார்ந்தாள். அப்பா குழந்தையை அவள் கையில் கொடுத்தார். அவள் என் பக்கம் சாய்ந்து, "நங்கை, நான் எப்படீங்க கூப்புடுவேன்? மாமா பேராச்சுங்களே" என்றாள். கல்யாணமான நாளிலிருந்து மாமனார் பேரை அவள் வாயால் சொன்னதில்லை. அப்பாவின் காதில் அது விழுந்துவிட்டது.

"பேரச் சொல்லியே கூப்புடு சாமி. கூப்புடறதுக்குத்தான பேரு" என்றார்.

அவள் தயங்கினாள். முந்தானையை இழுத்து விட்டுக்கொண்டாள். மடியில் கிடந்த முகத்தைக் குனிந்து பார்த்து, பக்கத்தில் இருந்த எங்களுக்கு மட்டும் கேட்கிற குரலில், அந்தப் பேரைச் சொல்லித் தன் மகளைக் கூப்பிட்டாள்.

"ஏஞ்சாமி, கூப்புட்டயா?" என்றார் அப்பா.